அஞ்சு அப்பா, ஒரே மூஞ்சி

போன மாசம் ஆபீஸ்ல அப்ரைசல். மேனேஜர் நல்லவிதமாத்தான் பேசினார். வேலையில குறை ஒண்ணும் இல்லையாம், டெலிவரி எல்லாம் பக்காவாம். ஆனா 'விசிபிலிட்டி' பத்தலையாம். ஆறு வருஷமா ப்ரொடக்‌ஷன்ல ராத்திரி ரெண்டு மணிக்கு எது புட்டுக்கிட்டாலும் எழுப்பறது என்னைத்தான். அந்த நேரத்துல மட்டும் நல்லாவே விசிபிளா இருக்கேன் போல :-)

பயப்படாதீங்க மக்களே, இது அப்ரைசல் புலம்பல் பதிவு இல்ல. அது தனியா ஒண்ணு டிராஃப்ட்ல தூங்குது. அன்னிக்கு ராத்திரி தூக்கம் வராம லேப்டாப்ல ஒரு படம் போட்டேன். அதுல இருந்து ஒரு ஆள் மண்டைக்குள்ள ஏறி உக்காந்துட்டார். மூணு வாரமா அவர் நடிச்ச படங்களாத் தேடித் தேடிப் பார்த்துக்கிட்டிருக்கேன். அவரைப் பத்தி எல்லாரும் சொல்ற ரெண்டு மூணு விஷயம் தப்புன்னு தோணுது. அதைச் சொல்லத்தான் இந்தப் பதிவு.

ஆள் பேரு பீட் பாஸல்த்வெயிட். பேர் நடுவுல ஒரு 'டி' எழுத்து இருக்கு, அதை உச்சரிக்கக் கூடாதாம். நடிக்க வந்த புதுசுல பேரை மாத்திக்கச் சொல்லி நிறைய பேர் சொல்லியிருக்காங்க. மாத்தலை. நானும் ஒவ்வொரு தடவையும் முழுப்பேரை டைப் பண்ணப் போறதில்ல, இனிமே பீட்.

பேர் தெரியாட்டியும் மூஞ்சி உங்களுக்குத் தெரியும். 'யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' (1995) படத்துல கொபாயாஷின்னு ஒரு வக்கீல் வருவாரே, அவர். 'ஜுராசிக் பார்க்' ரெண்டாம் பாகத்துல (1997) மொட்டைத் தலையோட டைனோசர் வேட்டைக்கு வர்றவர். 'இன்செப்ஷன்' (2010) படத்துல கட்டில்ல சாகக் கிடக்கிற கோடீஸ்வரர். துருத்தின கன்ன எலும்பு, பள்ளத்துல கண்ணு, யாரோ உளியால வேலை பார்த்துட்டுப் பாதியில எந்திரிச்சுப் போன மாதிரி ஒரு முகம். நான் முதல்ல பார்த்தது அந்த டைனோசர் படத்தைத்தான், டிவியில, தமிழ் டப்பிங்ல. மத்தவங்க எல்லாம் கத்திக்கிட்டு ஓடுவாங்க, இந்தாளு மட்டும் ஓட மாட்டார். வில்லன் கோஷ்டின்னு நெனச்சுத்தான் பார்த்தேன். கூட வந்த நண்பன், அஜய்னு ஒரு கேரக்டர், செத்துப் போனதும் கடைசியில அவருக்கு வேலை தர்றேன்னு கூப்பிடுவாங்க. சாவு பக்கத்துலயே இருந்து போதும்ப்பாங்கிற மாதிரி ஒரு பதிலைச் சொல்லிட்டு இறங்கிப் போயிருவார். பத்து வயசுல அந்த ஒரு இடம் மட்டும் எனக்குப் புரியலை, ஆனா மறக்கவும் இல்லை.

கொஞ்சம் வரலாறு. வேகமாச் சொல்லிடறேன்.

1946ல இங்கிலாந்துல வாரிங்டன்னு ஒரு ஊர்ல, தொழிலாளிக் குடும்பத்துல பொறந்தவர். கத்தோலிக்கக் குடும்பம், பாதிரியார் ஆகலாம்னுகூட ஒரு யோசனை இருந்திருக்கு. அப்புறம் வாத்தியாராப் பயிற்சி எடுத்து, பள்ளிக்கூடத்துல நாடகம் சொல்லிக்கொடுத்திருக்கார். இருபதுகள் நடுவுல அந்த வேலையை விட்டுட்டு பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளியில சேர்ந்தார். எழுபதுகள்ல லிவர்பூல் எவ்ரிமேன் தியேட்டர். அந்தக் கூட்டத்துல அப்ப இருந்தவங்க பேரைக் கேளுங்க: பில் நைய், ஜொனாத்தன் ப்ரைஸ், ஜூலி வால்டர்ஸ், ஆன்டனி ஷெர். எல்லாருமே அப்புறம் பெரிய ஆளானவங்க. சினிமாவுல ஆரம்பம் ரொம்பச் சின்னது. ரிட்லி ஸ்காட்டோட முதல் படம் 'தி டூயலிஸ்ட்ஸ்' (1977)ல ஒரு ஜெனரலுக்குச் சவரம் பண்றவரா வருவார். கண் சிமிட்டினா போச்சு. எண்பதுகள்ல ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி, நடுநடுவுல டிவி, ஒண்ணு ரெண்டு படம். உலகம் திரும்பிப் பார்க்கிறப்போ மனுஷனுக்கு நாப்பது தாண்டியிருச்சு.

நாப்பது. நான் இருபத்தெட்டுல விசிபிலிட்டி இல்லைன்னு தூக்கம் வராம உக்காந்திருக்கேன். சரி, விடுங்க.

இப்ப மேட்டருக்கு வர்றேன். குணச்சித்திர நடிகர்னா நாம பாராட்டற விதம் ஒண்ணு இருக்கு. "ஆளே தெரியலை, அப்படியே பாத்திரமா மாறிட்டார்." பச்சோந்தி மாதிரி நிறம் மாறினா பெரிய நடிகர். பீட்டைப் பத்தியும் இதையேதான் எழுதி வச்சிருக்காங்க. எனக்கு இதுல சுத்தமா உடன்பாடு இல்லை. இந்தாளு எதுலயுமே மறையலை. அந்த மூஞ்சியை வச்சுக்கிட்டு எப்படி மறையறது? எல்லாப் படத்துலயும் அதே கன்ன எலும்பு, அதே கரகரப்பு. மாறுறது ஒண்ணே ஒண்ணுதான்: உள்ளே எவ்வளவு அடக்கி வச்சிருக்கார்ங்கிற அளவு. பிரஷர் குக்கர்ல வெயிட் மாத்தி மாத்திப் போடற மாதிரி.

இதைச் சும்மா சொல்லலை. இவர் நடிச்ச அப்பா வேஷங்களை மட்டும் வரிசையாப் போட்டுப் பார்த்தாப் புரியும். எனக்கு அஞ்சு அப்பா கெடைச்சாங்க.

முதல் அப்பா, டெரன்ஸ் டேவிஸ் இயக்கின 'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்' (1988). இயக்குநர் தன்னோட சொந்தக் குடும்பத்தை வச்சு எடுத்த படம். நாப்பது, ஐம்பதுகள்ல லிவர்பூல்ல ஒரு தொழிலாளி வீடு. அப்பன் பொண்டாட்டியை அடிக்கிறவன், பிள்ளைங்களை நடுங்க வைக்கிறவன். அதுல ஒரு கிறிஸ்துமஸ் காட்சி. முந்தின நாள் ராத்திரி, தூங்கிக்கிட்டிருக்கிற பிள்ளைங்க பக்கத்துல பரிசை வச்சுட்டு, அவங்களை ஒரு பார்வை பார்ப்பார். அவ்வளவு பாசம். நமக்கே ஒரு நிமிஷம் இந்தாளை மன்னிச்சிரலாம்னு தோணும். மறுநாள் எல்லாரும் சாப்பாட்டு மேஜையில. ஒண்ணுமே நடக்கலை, யாரும் எதுவும் சொல்லலை. அவர் மூஞ்சி மட்டும் இறுகிக்கிட்டே போகும். திடீர்னு மேஜை விரிப்பை ஒரே இழுப்பு, தட்டு சாப்பாடு எல்லாம் தரையில. அப்புறம் பொண்டாட்டியைக் கூப்பிட்டு இதைச் சுத்தம் பண்ணுன்னு ஒரு அதட்டல்.

ஏன் இழுத்தார்? படம் சொல்லாது. அவரும் மூஞ்சியில காரணம் எதையும் காட்ட மாட்டார். சாதாரண நடிகர்னா ஒரு சின்ன வருத்தத்தை, 'நானும் பாவம்தான் பாருங்க'ங்கிற ஒரு விண்ணப்பத்தைக் கண்ணுல வச்சிருப்பார். பீட் வைக்கலை. அதான் பயமா இருக்கு. இன்னொரு இடத்துல குதிரையைத் தேய்ச்சு விட்டுக்கிட்டே பாட்டு முணுமுணுப்பார், பிள்ளைங்க மேல இருந்து ஒளிஞ்சு பார்க்கும். குதிரைக்குக் கெடைச்சது தங்களுக்குக் கெடைக்கலைன்னு அந்தப் பிள்ளைங்களுக்குத் தெரியுமா தெரியாதா? எனக்கு அந்தப் படத்தைத் திரும்பப் பார்க்கத் தெம்பு இல்லை. ஆனா நீங்க ஒரு தடவை பாருங்க.

ரெண்டாவது அப்பா, நான் அன்னிக்கு ராத்திரி பார்த்தவர். 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' (1993), ஜிம் ஷெரிடன் படம். கதை நெசமா நடந்தது. 1974ல இங்கிலாந்துல கில்ட்ஃபோர்டுங்கிற ஊர்ல மதுக்கடைகள்ல ஐ.ஆர்.ஏ. குண்டு வச்சது. போலீசுக்கு யாரையாவது பிடிச்சாகணும். பெல்ஃபாஸ்ட்ல இருந்து வந்த ஜெரி கான்லன்ங்கிற ஊர் சுத்தற பையனையும் இன்னும் மூணு பேரையும் பிடிச்சு, அடிச்சு மிரட்டிக் கையெழுத்து வாங்கினாங்க. பையனுக்கு வக்கீல் வைக்கலாம்னு பெல்ஃபாஸ்ட்ல இருந்து லண்டன் வந்த அப்பா ஜுசெப்பே, ஏற்கனவே நுரையீரல் கெட்டுப்போன மனுஷன், அவரையும் சொந்தக்காரங்க வீட்டுல வச்சு அள்ளிட்டுப் போயிட்டாங்க. வெடிமருந்து கையாண்டார்னு கேஸ், பன்னெண்டு வருஷம் ஜெயில். 1980ல கைதியாவே செத்துப் போனார். மகன் உள்ளிட்ட நாலு பேரும் 1989ல வெளிய வந்தாங்க. அப்பா மேல இருந்த தண்டனையை 1991லதான் ரத்து பண்ணாங்க. செத்துப் பதினோரு வருஷம் கழிச்சு. பிரதமர் டோனி பிளேர் பகிரங்கமா மன்னிப்புக் கேட்டது 2005ல.

மகனா டேனியல் டே லூயிஸ். ரெண்டு பேருக்கும் நெஜத்துல வயசு வித்தியாசம் வெறும் பதினொண்ணு. படம் பார்க்கிறப்ப ஒரு நொடிகூட அது தோணாது. டே லூயிஸ் கத்துவார், அழுவார், சுவத்துல மோதுவார். எல்லாம் பிரமாதம், குறை சொல்லலை. ஆனா ஜெயில் அறையில அந்த முதல் ராத்திரியைப் பாருங்க. மகன் சின்ன வயசுல ஜெயிச்ச கால்பந்து மெடல் கதையை எடுத்து, நீ எப்பப்பாரு நான் தப்பு பண்றப்ப மட்டும்தான் பின்னாடியே வருவேன்னு கொட்டித் தீர்ப்பான். அப்பா ஒண்ணும் பண்ண மாட்டார். கேட்டுக்கிட்டிருப்பார். அந்தக் கேக்கறதைத்தான் நான் மூணு தடவை ரீவைண்ட் பண்ணிப் பார்த்தேன். கோவமும் இல்ல, தியாகி மூஞ்சியும் இல்ல. இவன் சொல்றதுல எவ்வளவு உண்மைன்னு உள்ளுக்குள்ள கணக்குப் போட்டுக்கிட்டிருக்கிற ஒரு அப்பன் முகம்.

இந்தப் படத்து மேல ஒரு நியாயமான குற்றச்சாட்டு உண்டு. நெஜத்துல அப்பாவையும் மகனையும் ஒரே அறையில போடலை. ரெண்டு கோஷ்டிக்கும் வழக்கு தனித்தனியாத்தான் நடந்தது. படத்துல எல்லாத்தையும் ஒண்ணாப் போட்டுக் குலுக்கிட்டாங்க. நெசக்கதைன்னு சொல்லிட்டு இப்படிப் பண்ணலாமான்னு கேட்டா, பண்ணியிருக்கக் கூடாதுன்னுதான் சொல்வேன். அரசாங்கம் பொய்ச் சாட்சி சொன்ன கதையை எடுக்கிறவங்க அதுல பொய் கலந்தா, எதிராளிக்கு ஈஸியாப் பாயிண்ட் கெடைச்சிரும். அதே நேரம் அந்தப் பொய் இல்லைன்னா பீட்டோட அந்த நடிப்பும் நமக்குக் கெடைச்சிருக்காது. ரெண்டையும் எப்படிச் சேர்த்து வச்சுக்கறதுன்னு எனக்கு இன்னும் தெரியலை. உங்களுக்குத் தோணுறதைச் சொல்லுங்க.

ஏழு ஆஸ்கர் பரிந்துரை, ஒண்ணுகூடக் கெடைக்கலை. பீட்டுக்குத் துணை நடிகர் பிரிவுல. ஜெயிச்சது 'தி ஃப்யூஜிடிவ்' படத்துக்காக டாமி லீ ஜோன்ஸ். பீட்டுக்குக் கொடுத்திருக்கணும்னு அவரோட ரசிகர்கள் இன்னமும் சண்டை போடுவாங்க. நான் அந்தக் கட்சி இல்லை. அந்த வருஷம் 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்'ல ரால்ஃப் ஃபைன்ஸ் இருந்தார், என் ஓட்டு அவருக்கு. என் கோவம் வேற. தலைப்புலயே அப்பா இருக்கார், கதையே அவர்தான், அவருக்கு 'துணை'ன்னு எந்த அளவுகோல்ல பேர் வச்சாங்க? யார் அதிகம் கத்தறாங்களோ அவங்க கதாநாயகனா? (மேனேஜர் இந்தப் பதிவைப் படிக்க மாட்டார்ங்கிற தைரியம்தான்.)

இங்க ஒரு கொசுவத்தி சுத்திக்கறேன்.

அன்னிக்கு ராத்திரி நான் தனியா இல்லை. அப்பா கண்புரை ஆபரேஷனுக்காக ஊர்ல இருந்து வந்திருந்தார். ஹால்ல பாய் விரிச்சுப் படுத்திருந்தார், தூங்கிட்டார்னு நெனச்சு நான் ஹெட்போன் போடாம மெல்ல சவுண்ட் வச்சுப் பார்த்துக்கிட்டிருந்தேன். பாதியில திரும்பிப் பார்த்தா ஒத்தைக் கண்ணுல பச்சைத் துணியோட எந்திரிச்சு உக்காந்து பார்த்துக்கிட்டிருக்கார். அப்பா பஸ் டெப்போவுல மெக்கானிக்கா இருந்து ரிட்டையர் ஆனவர். இங்கிலீஷ் படம் பார்க்கிற ஆள் இல்லை. சப்டைட்டிலும் படிக்க முடியாது.

"என்ன தம்பி, அந்தப் பெரியவர் என்ன தப்பு செஞ்சாரு?"ன்னார்.

"ஒண்ணும் செய்யலைப்பா. பையனைப் பார்க்க வந்தாரு, பிடிச்சுப் போட்டுட்டாங்க."

அவ்வளவுதான் பேச்சு. அதுக்கப்புறம் நான் முக்கியமான வசனத்தை மட்டும் தமிழ்ல சொல்லிக்கிட்டே வந்தேன். கொஞ்ச நேரத்துல, "நீ சொல்ல வேண்டாம், அந்தாளு மூஞ்சியப் பார்த்தாத் தெரியுது"ன்னுட்டார். பெரியவர் செத்ததும் மத்த கைதிங்க எல்லாரும் ஜன்னல் வழியா எரியற காகிதத்தைக் கீழ போடற காட்சி வரும். அப்பா நல்லா இருக்கிற கண்ணைத் தொடச்சுக்கிட்டார். டாக்டர் கண்ணைக் கசக்கக் கூடாதுன்னு சொல்லியிருக்கார்ப்பான்னேன். எனக்கு வேற என்ன சொல்றதுன்னு தெரியலை. நான் இன்ஜினியரிங் சேர்ந்தப்போ, வேலை கெடைச்சப்போ, நடுவுல ஒரு கம்பெனியில லே ஆஃப் ஆனப்போ, எங்க வீட்டுல பேச்சு இந்த அளவுதான் நடந்திருக்கு. ரெண்டு வரி. அதுவும் சாப்பிட்டியான்னு ஒரு வரி.

சரி, பீட். மூணாவது அப்பா 'பிராஸ்ட் ஆஃப்' (1996). இயக்கம் மார்க் ஹெர்மன். எனக்கு இருக்கிறதுலயே ரொம்பப் பிடிச்சது இதுதான். 1992 அக்டோபர்ல பிரிட்டிஷ் அரசாங்கம் 31 நிலக்கரிச் சுரங்கத்தை மூடப் போறோம், முப்பதாயிரம் பேருக்கு வேலை போகும்னு அறிவிச்சது. யார்க்‌ஷயர்ல கிரைம்தார்ப்னு ஒரு ஊர். சுரங்கத் தொழிலாளர்களே நடத்தற பித்தளை வாத்திய பேண்ட் ஒண்ணு அங்க உண்டு. மூடற அறிவிப்பு வந்த அதே மாசம், அந்த பேண்ட் லண்டன்ல தேசியப் போட்டியில முதல் பரிசு வாங்குச்சு. 1993ல சுரங்கம் மூடிட்டாங்க. இதை வச்சுத்தான் படம். ஊர் பேரை மட்டும் கிரிம்லின்னு மாத்திட்டாங்க. படத்துல கேக்கற வாத்திய இசை அந்த நெஜ பேண்ட் வாசிச்சது.

பீட் அதுல டேனி, பேண்ட் மாஸ்டர். நெஞ்சு பூரா நிலக்கரித் தூசி. ஊரே வேலை போகப் போகுதுன்னு வயித்துல நெருப்போட இருக்கு, இந்தாளுக்கு மட்டும் ஒரே கவலை: போட்டியில ஜெயிக்கணும். மகன் ஃபில் கடன்ல முங்கிக்கிட்டிருக்கான். கோமாளி வேஷம் போட்டுக் குழந்தைங்களுக்கு வித்தை காட்டிக் காசு சேர்க்கிறான். பொண்டாட்டி பிள்ளைங்களைக் கூட்டிக்கிட்டுப் போயிட்டா. அப்பன் என்னடான்னா உன் ட்ராம்போன் சரியில்லை, புதுசு வாங்குங்கிறார். பையன் வாங்கவும் செய்றான், இல்லாத காசுல. கடைசியில அந்தக் கோமாளி உடுப்போடவே தூக்கு மாட்டிக்கப் போறான்.

டேனியை நல்லவராக் காட்டறது ரொம்ப சுலபம். கலைக்காக வாழற பெரியவர், கைதட்டு உறுதி. பீட் அதைச் செய்யலை. படத்துல முக்கால்வாசி நேரம் டேனி ஒரு குருட்டுப் பிடிவாதக்காரர், அவரை அப்படியேதான் காட்டறார். நடுநடுவுல சிரிக்கவும் வைப்பார். 'கான்சியர்ட்டோ டி அரன்ஹுவெஸ்'ங்கிற இசையை வாயில நுழையாம ஆரஞ்சு ஜூஸ்னு சொல்லிட்டு, கொஞ்சமும் கூச்சமில்லாம கோலை எடுத்து நடத்த ஆரம்பிப்பார். அந்தப் பொண்ணு (டாரா ஃபிட்ஸ்ஜெரால்ட்) வாசிக்க வாசிக்க அவர் மூஞ்சி மாறுறது இருக்கே, வசனமே இல்லாம மூணு நாலு நிமிஷம்.

கடைசியில ராயல் ஆல்பர்ட் ஹால். ஜெயிக்கிறாங்க. டேனி மேடையேறி, கோப்பையை வேண்டாம்னு சொல்றார். வாழ்நாள் பூரா இசைதான் பெருசுன்னு நெனச்சேன், மனுஷங்களுக்கு முன்னாடி அது ஒண்ணுமே இல்லைங்கிற அர்த்தத்துல பேசறார். அரசியல் பேச்சுதான். பல விமர்சகர்களுக்கு அந்த இடம் ஓவராத் தெரியுது, பிரசங்கம்ங்கிறாங்க. இல்லைங்க. மேடையில பேசறது அரசாங்கத்துக்கிட்ட. ஆனா மன்னிப்புக் கேக்கறது மகன்கிட்ட. ஒரு அப்பனால மகன் மூஞ்சியைப் பார்த்து நேரா மன்னிப்புக் கேக்க முடியலை, அதனால ஆயிரக்கணக்கான பேர் முன்னாடி சுத்தி வளைச்சுக் கேக்கறார். பீட் அந்த வரிகளைச் சொல்றப்போ குரல்ல வர்ற தடுமாற்றம் எனக்கு அப்படித்தான் கேட்டுது. அந்தப் பேச்சோட ஒரு துண்டை சம்பவாம்பாங்கிற பேண்ட் 1997ல தங்களோட 'டப்தம்பிங்' பாட்டுக்கு முன்னாடி ஆல்பத்துல சேர்த்தாங்க. உலகம் பூரா குடிச்சிட்டு ஆடின பாட்டு அது. அதுக்கு முன்னாடி பேசறது இந்தக் கெழவர்தான்னு எத்தனை பேருக்குத் தெரியும்?

ஸ்பீல்பெர்க் இவரை 'உலகத்துலயே சிறந்த நடிகர்'னு சொன்னதா ஒரு கதை இன்னமும் எல்லாக் கட்டுரையிலயும் முதல் வரியா வரும். 1997ல அந்த டைனோசர் படம், 'அமிஸ்டாட்' ரெண்டுலயும் நடிக்க வச்சவர் அவர். பீட் அதை எப்படி எடுத்துக்கிட்டார் தெரியுமா? ஸ்பீல்பெர்க் நெஜத்துல சொன்னது, இந்தாளு தன்னை உலகத்துலயே சிறந்த நடிகர்னு நெனச்சுக்கிட்டிருக்கான்னுதான் இருக்கும்னு கிண்டல் பண்ணிட்டுப் போயிட்டார். ஆனா பாருங்க, ஒருத்தர் நாப்பது வருஷம் பண்ண வேலையை விட, பெரிய டைரக்டர் சொன்ன ஒத்தை வரி விசிபிளா நிக்குது. அந்த ரெண்டு படத்துலயும் அவர் பண்ணது சுமாரான வேலைதான்னு நான் சொல்லுவேன். அஜய் செத்த அப்புறம் வர்ற அந்த ஒரு நிமிஷம் தவிர.

கொபாயாஷி பத்தியும் சொல்லணும். ஜப்பான்காரப் பேரு, வெள்ளைக்காரர், பேசறது கிட்டத்தட்ட நம்ம துணைக்கண்டத்து இங்கிலீஷ். முதல் தடவை பார்த்தப்போ என்னடா இது, நம்மளைக் கிண்டல் பண்றாங்களான்னு கடுப்பானேன். படம் முடியறப்போதான் புரிஞ்சுது. (பார்க்காதவங்க அடுத்த பத்திக்குத் தாவிருங்க.) அந்தப் பேரே ஒரு காபிக் கோப்பைக்கு அடியில இருந்து சுட்டது. ஒருத்தன் கண்ணுல பட்டதை எல்லாம் கோத்துக் கட்டின கதையில வர்ற ஆள் எந்த ஊர்க்காரனாவும் இருக்க முடியாது இல்லையா? எங்கயும் ஒட்டாத அந்தப் பேச்சுதான் துப்பு. நாம காதுல வாங்கிக்கிட்டும் கோட்டை விட்டுட்டோம்.

டிவியை விட்டா ஆதரவாளர்கள் அடிக்க வருவாங்க. 'ஷார்ப்' தொடர்ல (1994) ஹேக்ஸ்வில்னு ஒரு சார்ஜெண்ட். தூக்குல போட்டும் சாகாதவன், கழுத்து வெட்டி வெட்டி இழுக்கும், தொப்பிக்குள்ள அம்மா படத்தை வச்சுக்கிட்டு அதோட பேசுவான். அது அடக்கி வாசிக்கிற வேலையே இல்ல, குக்கர் வெயிட்டைத் தூக்கி எறிஞ்ச நடிப்பு. ரெண்டு எபிசோடுதான். நாயகன் ஷான் பீனை விட இவன்தான் ஞாபகத்துல நிப்பான். அதே வருஷம் பிபிசியில டிக்கன்ஸோட 'மார்ட்டின் சசில்விட்'. 1999ல 'லாஸ்ட் ஃபார் வேர்ட்ஸ்'னு ஒரு டிவி படம், பக்கவாதம் வந்து வார்த்தை ஒவ்வொண்ணாத் தொலைஞ்சு போற அம்மாவா தோரா ஹேர்ட், மகனா பீட். அந்த அம்மாவுக்கு பாஃப்டா கெடைச்சது. பீட் அதுல பண்ற வேலை, அந்தம்மாவுக்கு இடம் விட்டுக் கொடுக்கிறது மட்டும்தான். நான் சொல்ல வர்றது இதைத்தான். (உடனே பின்னூட்டத்துல நாகேஷா ரங்காராவான்னு ஆரம்பிக்காதீங்க சாமி, அது தனிப் பதிவு.)

நாலாவது அப்பா லியர் மன்னன். 2008ல, தான் ஆரம்பிச்ச அதே லிவர்பூல் எவ்ரிமேன் தியேட்டருக்குத் திரும்பிப் போய் 'கிங் லியர்' நடிச்சார். நான் பார்க்க வழியில்லை, அதனால கருத்தும் இல்லை. நாடகத்தோட சோகமே அதுதான்.

அதுக்கு அடுத்த வருஷம் 'தி ஏஜ் ஆஃப் ஸ்டூபிட்'. 2055ல உலகம் அழிஞ்சப்புறம் தனியா உக்காந்து பழைய வீடியோவை எல்லாம் பார்த்துக்கிட்டிருக்கிற ஒரு கெழவர், பருவநிலை மாற்றம் பத்தின படம். அதோட முதல் காட்சிக்கு அமைச்சர் எட் மிலிபாண்ட் வந்திருந்தார். கிங்ஸ்நார்த்ல புது நிலக்கரி மின்நிலையத்துக்கு அனுமதி கொடுத்தா, 2004ல தனக்குக் கொடுத்த ஓ.பி.ஈ. பட்டத்தைத் திருப்பிக் கொடுத்துருவேன்னு அவர் மூஞ்சிக்கு நேராவே சொன்னார் பீட். அந்தத் திட்டம் அப்புறம் கைவிடப்பட்டது. இவர் சொன்னதால மட்டும்தான்னு சொன்னா அது ரசிகர் மன்ற வேலை. இதுல ஒரு விஷயம் என்னை உறுத்திச்சு: நிலக்கரிச் சுரங்கத்தை மூடாதேன்னு அழ வச்ச அதே ஆள், நிலக்கரி வேண்டாம்ங்கிறார். முரண்பாடு இல்லையான்னு கேட்டா, இல்லைன்னுதான் நெனக்கிறேன். டேனி கடைசியில பேசினது நிலக்கரிக்காக இல்லையே.

அஞ்சாவது அப்பா 'இன்செப்ஷன்'. மொத்தமே சில நிமிஷம். கட்டில்ல கிடப்பார், மூச்சு வாங்கும், ஏமாற்றம்னு ஒரு வார்த்தை முனகுவார். மகன் (கிலியன் மர்ஃபி) அதை, அப்பா என்னைப் பார்த்து ஏமாந்து போயிட்டார்னு வாழ்க்கை பூரா சுமக்கறான். கனவுக்குள்ள அதே கட்டில், அதே அப்பா. நீ என்னை மாதிரி ஆக முயற்சி பண்ணியே, அதுதான் ஏமாற்றம்ங்கிறார். பெட்டகத்தைத் திறந்தா சின்ன வயசுக் காகிதக் காத்தாடி. அந்த அப்பா நெஜம் இல்லை, ஒரு திருட்டுக் கும்பல் செஞ்சு வச்ச செட்டப். அது நமக்குத் தெரியும். தெரிஞ்சும் தொண்டை அடைக்குது. 2010 ஜூலையில படம் வந்துச்சு. பீட்டுக்கு அப்பவே புற்றுநோய். 2011 ஜனவரி 2ம் தேதி போய்ச் சேர்ந்துட்டார், வயசு 64. 'தி டவுன்' படத்துல பூக்கடை வச்சிருக்கிற ரவுடியா நடிச்சதுக்கு பாஃப்டா பரிந்துரை வந்தது அவர் செத்து ரெண்டு வாரம் கழிச்சு.

முதல் அப்பாவையும் அஞ்சாவது அப்பாவையும் பக்கத்துல வச்சுப் பாருங்க. ரெண்டு பேரும் பாசத்தைச் சொல்லாம அடக்கறவங்கதான். மூஞ்சியும் ஒண்ணுதான். ஒருத்தர்கிட்ட அந்த அடக்கம் கொடுமையா இருக்கு, இன்னொருத்தர்கிட்ட ஏக்கமா இருக்கு. இதுக்கு மேக்கப்போ, குரல் மாத்தறதோ, முப்பது கிலோ எடை கூட்டறதோ எதுவும் தேவைப்படலை. ஆளே தெரியாம மாறினாத்தான் நடிப்புன்னு சொல்றவங்க இதுக்கு என்ன பதில் சொல்வீங்கன்னு தெரிஞ்சுக்க ஆசை.

அப்பா போன வாரம் ஊருக்குக் கிளம்பிட்டார். நேத்து போன் பண்ணி, கண்ணுக்குச் சொட்டு மருந்து விடறதைப் பத்தி ஒரு வரி, சாப்பிட்டியான்னு ஒரு வரி. வச்சிருவார்னு நெனச்சேன். வைக்கலை. "அந்தப் பெரியவர் பேண்டு வாத்தியக்காரராட்டம் வர்ற படம் ஒண்ணு இருக்குன்னியே, அதை அடுத்த தடவை வரும்போது எடுத்துட்டு வா"ன்னார்.

யார்க்‌ஷயர் இங்கிலீஷ், எனக்கே பாதி புரியாது. உக்காந்து வசனத்தைத் தமிழ்ல எழுதி வச்சுக்கணும்.

டிஸ்கி: 'பிராஸ்ட் ஆஃப்' படத்துக்கு ஒழுங்கான சப்டைட்டில் ஃபைல் வச்சிருக்கிற புண்ணியவான் யாராவது இருந்தா சொல்லவும். என்கிட்ட இருக்கிறது நாலு செகண்ட் தள்ளி ஓடுது.